தாம்பரத்தில் மட்டும் நிற்கும் வண்டி

சென்ற மாதம் ஒரு பெண் என்னைத் தேடிக்கொண்டு தாம்பரத்துக்கு வந்தாள். சினிமாவில் நடிக்கிற பெண். வயது இருபத்தாறு. மூன்று வயதில் ஒரு பையன் இருக்கிறான். அவளுக்கு மாமியார் வேடம் வந்திருக்கிறது. மருமகளின் பிள்ளையைப் பட்டினி போடுகிற மாமியார்.

"ஒத்துக்கலாமா வேணாமான்னு கேக்க வரல அக்கா. ஒத்துக்கிட்டாச்சு, அட்வான்ஸும் வாங்கியாச்சு. என் பையனை அந்தப் படத்துக்குக் கூட்டிட்டுப் போகலாமா வேணாமா? அதை மட்டும் சொல்லுங்க."

நான் காபி வேண்டுமா என்று கேட்டேன். பிறகு முறுக்கு வேண்டுமா என்று கேட்டேன். மின்சார ரயிலின் நேரத்தைப் பற்றியும் கொஞ்சம் பேசினேன். அவள் புறப்பட்டுப் போனபின்தான், கேட்ட கேள்விக்கு நான் பதில் சொல்லவில்லை என்பது உறைத்தது. எதையும் உடனே சொல்ல எனக்கு வராது. சொல்லிவிட்டாலும், சொன்னது சரியா என்று இரண்டு நாள் யோசிப்பேன். ஆகவே பதிலை இங்கே எழுதுகிறேன். நீளமாகத்தான் வரும் போலிருக்கிறது.

முதலில் ஒரு விஷயம். எனக்கு இப்போது முப்பத்தேழு வயது. சினிமாவிலிருந்து ஓய்வு பெற்றுவிட்டேன். திரையில் எனக்கு ஐம்பதுக்குக் குறைந்த வயது இருந்ததே இல்லை; ஆகையால் இதைக் கேட்டு யாரும் ஆச்சரியப்படுவதில்லை. கருப்பு வெள்ளைப் படங்களில் தலையில் பவுடரைக் கொட்டினால் நரை ஆகிவிடும். கலர் வந்தபின் அந்த நரை லேசாக நீலம் அடித்தது. நீல முடியுள்ள மாமியாரை ஜனங்கள் ஏற்கவில்லை. இப்போது எனக்கு நிஜமாகவே நரைக்க ஆரம்பித்திருக்கிறது, ஆனால் கூப்பிடத்தான் ஆளில்லை.

நான் ஆசிரியர் பயிற்சி முடித்தவள். தாம்பரத்தில் ஒரு ஆரம்பப் பள்ளியில் வேலை பார்த்தேன். கல்யாணம், ரூபி பிறந்தது, வேலையை விட்டது எல்லாம் அடுத்தடுத்து நடந்தன. அப்புறம் தெரிந்தவர் ஒருவர், கோடம்பாக்கத்தில் ஒரு ஸ்டுடியோவில் குழந்தை நட்சத்திரங்களுக்கு வசனம் படித்துக்காட்ட ஒரு டீச்சர் தேவை என்றார். வாரத்தில் சில நாள் ரயிலேறிப் போய் வந்தேன். ரூபியைப் பக்கத்து வீட்டுக் கனகாக்கா பார்த்துக்கொண்டார்.

அங்கே ஒருநாள், கொடுமைக்காரப் பெரியம்மாவாக நடிக்க வேண்டிய அம்மாளுக்கு அம்மை போட்டுவிட்டது. செட் போட்டாயிற்று, விளக்கெல்லாம் எரிகிறது, பெரியம்மா இல்லை. நான் ஒரு மூலையில் குழந்தைகளை வைத்துக்கொண்டு வசனம் ஒப்பிக்கச் சொல்லிக்கொண்டிருந்தேன். டைரக்டர் வைத்தியலிங்கம் சார் என்னைப் பார்த்துக்கொண்டே இருந்தாராம்.

"யாருப்பா அந்த அம்மா?"

"பிள்ளைங்களுக்குப் பாடம் சொல்ற டீச்சர் சார்."

"மெதுவாத்தானே பேசறாங்க? எனக்கே வீட்டுப்பாடம் முடிக்கலையோன்னு நோட்டைத் தேடத் தோணுது. அவங்களுக்குப் புடவையை மாத்துங்க."

இப்படித்தான் நான் நடிகை ஆனேன். எஸ்தர் என்ற பெயரில் கொடுமைக்காரி சரிப்படமாட்டாள் என்று கம்பெனியில் மங்களவல்லி என்று வைத்தார்கள். மங்களவல்லி என்ற பெயர் மட்டும் எப்படிச் சரிப்படும் என்று கேட்க நினைத்தேன், கேட்கவில்லை. ரயில்வேயில் குமாஸ்தாவாக இருந்த என் கணவர் சாமுவேலிடம் பயந்துகொண்டே சொன்னேன்.

"வில்லியா? ரொம்ப நல்லது. கதாநாயகின்னா மரத்தைச் சுத்தி ஓடணும். உனக்கு மாடிப்படி ஏறினாலே மூச்சு வாங்குது" என்றார்.

வைத்தியலிங்கம் சாரைப் பற்றிச் சொல்லாமல் மேலே போக முடியாது. அவர் சத்தம் போட்டு நான் கேட்டதில்லை. ஷாட் பிடிக்கவில்லையென்றால் மூக்குக்கண்ணாடியைக் கழற்றி வேட்டி நுனியால் துடைப்பார். துடைத்து முடித்து, "இன்னொண்ணு போலாம்" என்பார். அந்த வேட்டி நுனி அசைந்தால் கேமராமேன் முதல் டீ கொடுப்பவர் வரை எல்லோருக்கும் வியர்க்கும். ஷாட் பிடித்தால் நன்றாயிருந்தது என்று சொல்லவும் மாட்டார். அவர் வாயில் பாராட்டு என்று ஒன்று இருந்தால், அது "லஞ்ச்" என்பதுதான். மனசுக்கு நிறைவான ஷாட் கிடைத்துவிட்டால் அப்போது என்ன வேளையானாலும் சாப்பாட்டுக்கு விட்டுவிடுவார். கிடைக்காவிட்டால் சாயங்காலம் வரை சோறு கிடையாது. ஆகவே எங்கள் யூனிட்டில் எல்லோருமே கலையார்வம் மிக்கவர்கள்.

இன்னொரு ஆளும் இந்தக் கதைக்கு வேண்டும். செட்டில் வைக்கிற சாமான்களுக்குப் பொறுப்பான பலராமன். தட்டு, சொம்பு, பூட்டு, துப்பாக்கி, பலகாரம் எல்லாம் அவர் பொறுப்பு. இதில் பலகாரம்தான் அவர் உயிரை வாங்கியது. மேலே விளக்குப் பிடிக்கிற லைட்பாய்கள் பசியோடு இருப்பார்கள். ஒரு ஷாட்டுக்கும் அடுத்த ஷாட்டுக்கும் நடுவில் தட்டிலிருந்த வடை மாயமாகிவிடும். முந்தின ஷாட்டில் நாலு வடை, அடுத்ததில் ஒன்று. கதாநாயகன் ஒரு வசனம் பேசுவதற்குள் மூன்று வடை தின்றுவிட்டதாக ஆகிவிடும். அதற்குப் பலராமன் கண்டுபிடித்த மருந்து மண்ணெண்ணெய். செட்டில் வைக்கிற சோற்றிலும் வடையிலும் கொஞ்சம் தெளித்துவிடுவார். யாரும் கிட்டே போகமாட்டார்கள். நடிப்பவர் நிஜமாக வாயில் போடவேண்டியது இருந்தால் அதை மட்டும் தட்டின் ஓரத்தில் ஒரு கிண்ணத்தில் சுத்தமாக வைப்பார். பல கம்பெனிகளில் இப்படி உண்டு என்று பிறகு தெரிந்துகொண்டேன்.

இனி அந்த விஷக் காட்சி.

கதைப்படி, சொத்துக்காகப் பெரியம்மா ஒரு சிறுவனுக்குப் பால்சோற்றில் விஷம் கலந்து ஊட்டுகிறாள். சிறுவனாக நடித்தது மாலு என்ற ஏழு வயதுப் பெண். இரட்டைப் பின்னலைச் சுருட்டி உள்ளே வைத்து மேலே கிராப்பு விக்கை மாட்டிவிடுவார்கள். டவுசர் போட்டால் அசல் பையன். கெட்டிக்காரி. அழச் சொன்னால் எந்தக் கண்ணில் முதலில் என்று கேட்பாள்.

அன்றைக்கு அவள் வாயைத் திறக்கவில்லை. தட்டு முழுக்கப் பலராமன் மருந்தடித்திருந்தார். ஓரத்துக் கிண்ணத்தில் இருந்தது சுத்தமான சோறுதான், ஆனால் வாசனைக்கு ஓரம் நடு என்ற வித்தியாசம் தெரியாதே. மாலு உதட்டை இறுக்கிக்கொண்டாள். அவளுடைய அம்மா விளக்குகளுக்குப் பின்னால் நின்று கண்ணை உருட்டினாள். உதவி டைரக்டர் சாக்லேட் தருவதாகச் சொன்னார். உதடு திறக்கவில்லை. வைத்தியலிங்கம் சார் கண்ணாடியைத் துடைத்தார். மறுபடி துடைத்தார். பிலிம் ஓடிக்கொண்டிருந்தது.

எனக்கு என்ன தோன்றியதோ தெரியவில்லை. தோன்றியது என்றுகூடச் சொல்லமுடியாது. கை பழக்கத்தில் தானாகப் போனது. எங்கள் வீடு ரயில்வே கேட்டுக்கு அருகில்; சென்னை பீச் ஸ்டேஷனுக்குப் போகிற வண்டி அந்த வழியாகத்தான் போகும். ரூபி சாப்பிடப் படுத்துவாள். கேட் திறந்தால்தான் வண்டி உள்ளே போகும் என்று ஒரு கதை கட்டி வைத்திருந்தேன். கவளத்தைக் கையில் எடுத்து, தூரத்திலிருந்து வளைத்துக்கொண்டு வந்து, மோவாய்க்குக் கீழே நிறுத்தி, "கூ... பீச் வண்டி வருது, கேட்டைத் தொற" என்பேன். வாய் திறக்கும். ஊட்டிவிட்டு, முந்தானையால் உதட்டின் வலது ஓரத்தைத் துடைப்பேன். அங்கேதான் எப்போதும் ஒட்டியிருக்கும்.

அதையே செய்தேன். மாலு களுக்கென்று சிரித்தாள். கேட் திறந்தது. நான் ஊட்டினேன், உதட்டோரத்தைத் துடைத்தேன். கட் என்ற சத்தம் வரவில்லை.

வைத்தியலிங்கம் சார், "லஞ்ச்" என்றார்.

அப்போதுதான் காலை டிபன் முடிந்திருந்தது.

உதவி டைரக்டர் மெல்ல, "சார், கதைப்படி அந்த ஊர்ல ரயிலே கிடையாது" என்றார்.

"இப்ப விட்டாச்சு."

"பீச்சும் கிடையாது சார்."

"பீச்சை மட்டும் வெட்டிடு. வண்டி இருக்கட்டும்."

பிறகு என் பக்கம் திரும்பி, அவர் என்னிடம் பேசியதிலேயே நீளமான பேச்சைப் பேசினார். "பல்லைக் கடிச்சுக்கிட்டு யாரும் விஷம் வைக்க மாட்டாங்கம்மா. ஊட்டி விடறப்போ எல்லாரும் அம்மா மாதிரிதான் இருப்பாங்க. பார்க்கிறவனுக்கு அதுதான் பயம்."

ரயிலில் திரும்பி வரும் வழியெல்லாம் அதையே நினைத்துக்கொண்டு வந்தேன். பெருமையாக இருந்தது. இதில் யோசிக்க வேறொன்று இருக்கிறது என்பது அப்போது தெரியவில்லை. மற்ற எல்லாவற்றையும் இரண்டு நாள் யோசிக்கிற நான் இதை மட்டும் எப்படி விட்டேன்?

படம் ஓடியது. நன்றாகவே ஓடியது என்பதைத் தாம்பரம் மார்க்கெட்டில் தெரிந்துகொண்டேன். கீரைக்காரம்மா என் கண்ணைப் பார்க்காமல் கீரையைக் கொடுத்தார். எங்கள் சபையின் அறுப்பின் பண்டிகை அந்தச் சமயத்தில் வந்தது. பெண்கள் ஆளுக்கொரு பலகாரம் செய்து கொண்டுவந்து ஏலம் விடுவார்கள். நான் கேக்கும் அச்சுமுறுக்கும் செய்திருந்தேன். சபைப் போதகரான ஐயரின் வீட்டம்மா கேக்கை எடுத்து முகர்ந்து, "வாசனை பிரமாதம் எஸ்தர்" என்று சொல்லி, கையிலிருந்ததை ஜாக்கிரதையாகத் திரும்ப வைத்துவிட்டார். ஏலத்தில் என் பெயரைச் சொன்னதும் கோயிலில் ஜெபவேளையில்கூட இல்லாத அமைதி. என் கணவர் ஒரு தொகை கேட்டார். எதிர்க்குரல் எழவில்லை. சபைக்கு நஷ்டம் வரக்கூடாதென்று அவரே அதற்கு மேல் ஒரு தொகை கேட்டார். தன்னோடு தானே போட்டியிட்டு ஜெயித்து, எல்லாவற்றையும் வீட்டுக்கே தூக்கிக்கொண்டு வந்தார்.

அதெல்லாம் சிரிக்கிற விஷயம். நாங்களும் சிரித்தோம். ரூபிக்கு அப்போது நாலு வயது முடிந்திருந்தது. அந்தப் படத்தை அவள் பார்க்கக்கூடாது என்று கண்டிப்பாகச் சொல்லி வைத்திருந்தேன். யாரிடமெல்லாம் சொன்னேன் என்று யோசித்துப் பார்க்கிறேன். கனகாக்காவிடம் சொல்ல விட்டுப்போயிருக்கிறது.

நான் ஷூட்டிங்கிலிருந்து திரும்பிய ஒரு சாயங்காலம், கனகாக்கா வாசலிலேயே என்னைப் பிடித்துக்கொண்டார். அவருக்குக் குழந்தை இல்லை. ரூபிதான் அவருக்கு எல்லாம்.

"டீச்சரம்மா, கோச்சுக்காத. நல்ல எண்ணத்துலதான் இட்டுகினு போனேன். அம்மாவ படத்துல பாத்தா கொயந்த குஷியாவும்னு நெனச்சேன்."

"டென்ட் கொட்டகைக்கா? பயந்துட்டாளா அக்கா?"

"மொதல்ல இன்னா பயம்? உன் தலை பூரா வெள்ளையா கீது, கன்னத்துல மச்சம் கீது. அதுக்கு உன்னிய அடையாளமே தெரில. 'யாரு அத்தை இந்தக் கெயவி?'ன்னு என்னியே கேட்டுச்சு. முறுக்கு துன்னுகினு ஜாலியாத்தான் குந்திகினு இருந்துச்சு."

"அப்புறம்?"

"வண்டி வருது, கேட்டத் தொறன்னு கைய வளைச்சுகினு வந்த பாரு, 'எங்கம்மா!'ன்னு ஒரே கத்து. கொட்டாயே திரும்பிப் பாத்துச்சு."

"அப்புறம் என்ன ஆச்சு?"

"இன்னா ஆவும்? அந்தப் புள்ள செத்துப்பூடுச்சு."

கனகாக்கா முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டார். "நானும் உன்ன ரெண்டு வார்த்த வஞ்சிட்டேன் டீச்சரம்மா. கோவம் தாங்கல. மண்ண வாரி எறிஞ்சேன். உன் மேல இல்ல, தெர மேல."

மறுநாள் காலையில் ரூபிக்கு இட்லி ஊட்டப் போனேன். கையை வளைத்து வண்டியைக் கொண்டுவந்தேன். மோவாய்க்குக் கீழே நிறுத்தினேன். கேட் திறக்கவில்லை. அவள் என் கையைப் பார்த்தாள், என் முகத்தைப் பார்த்தாள், மெதுவாகப் பின்னால் நகர்ந்து சுவரில் சாய்ந்துகொண்டாள். அழவில்லை. அழுதிருந்தால் எனக்குச் சுலபமாக இருந்திருக்கும்.

அப்பா ஊட்டினால் சாப்பிட்டாள். கனகாக்கா கொடுத்தால் சாப்பிட்டாள். என் கையால் எதுவும் இல்லை. சில நாளில் அவளே ஒரு விதியும் செய்துகொண்டாள்: நான் தருவதில் தோல் உள்ளது மட்டும் செல்லும். வாழைப்பழம் வாங்கிக்கொள்வாள், தானே உரிப்பாள். அவித்த முட்டை, ஓட்டோடு இருந்தால் சரி. வேர்க்கடலை, ஆரஞ்சு பரவாயில்லை. தோசைக்குத் தோல் கிடையாது, தோசை கூடாது.

"அம்மா மொதல்ல சாப்பிடறேன் பாரு கண்ணு" என்று அவள் எதிரே ஒரு வாய் எடுத்துப் போட்டுக்கொள்வேன்.

"அந்தக் கெயவியும் சிரிச்சுகினுதான் குடுத்தா" என்பாள் ரூபி.

கனகாக்காவிடம் வளர்ந்ததில் அவளுக்கு இந்தப் பாஷை ஒட்டிக்கொண்டிருந்தது. டீச்சர் வீட்டுக் குழந்தை கெயவி, துன்னு, குந்து என்று பேசுகிறதே என்று முன்பெல்லாம் திருத்திக்கொண்டே இருப்பேன். இப்போது அவள் என்னோடு பேசினால் போதும் என்று ஆகிவிட்டது. அவளுடைய கவுன் தோளில் நழுவ ஆரம்பித்தது. கழுத்தெலும்பு தெரிகிறதா, முன்பே அப்படித்தான் இருந்ததா என்று தினமும் பார்ப்பேன். ஒரு பிள்ளைக்குச் சோறு ஊட்ட முடியாதவள் ஊருக்கெல்லாம் என்ன நடித்துக் காட்டுவது? இனி ஸ்டுடியோப் பக்கமே போவதில்லை என்று கணவரிடம் சொன்னேன்.

"அவசரப்படாதே. பேயாட்டம் பார்த்துப் பயந்த பிள்ளையை வேஷம் கலைக்கிற இடத்துக்குக் கூட்டிட்டுப் போனா பயம் தெளிஞ்சுடும். ஒருநாள் அவளைக் கூட்டிட்டுப் போய் எல்லாத்தையும் காட்டு" என்றார் சாமுவேல்.

அடுத்த படம் தொடங்கியிருந்தது. அதே டைரக்டர், அதே பலராமன், பெரியம்மாவும் பையனுமாக நானும் மாலுவும் மறுபடி. முந்தின படத்தில் ஜனங்கள் அழுததால் எங்களை விடவில்லை. ரூபியை இடுப்பில் வைத்துக்கொண்டு ரயிலேறினேன். அவள் கையில் ஒரு ஆரஞ்சுப் பழம். தோலோடுதான்.

அன்று விருந்துக் காட்சி. நீளமாக இலை போட்டிருந்தது. வடை, அப்பளம், சோறு, ஓரத்தில் கிண்ணம் கிண்ணமாகப் பாயசம். நான் திட்டம் போட்டிருந்தேன். வடையிலும் சோற்றிலும் பலராமன் கைவரிசை இருக்கும், அதைத் தொடக்கூடாது. பாயசத்தில் அவர் தெளிப்பதில்லை. நான் வந்த நாளிலிருந்து தெளித்ததில்லை. மேலேயிருந்து இறங்கி வருகிறவர்கள் வடையைத்தான் தூக்குவார்கள், பாயசத்தை யார் கையில் அள்ளப் போகிறார்கள்? ஆகவே பாயசம்.

"ரூபி, இதெல்லாம் சும்மா நடிக்கிறதுக்கு வச்சிருக்கிறது. விஷமெல்லாம் கிடையாது. அம்மா சாப்பிடறேன் பாரு."

கரண்டி நிறைய எடுத்து வாயில் விட்டேன்.

முந்தின நாள் லைட்பாய்கள் கிளாஸ் கொண்டுவந்து பாயசத்தைக் குடித்துவிட்டுப் போயிருக்கிறார்கள். இந்தத் தகவலை எனக்கு யாரும் சொல்லவில்லை. நாக்குதான் சொன்னது.

வைத்தியலிங்கம் சாரிடம் நான் கற்ற முதல் பாடம், வாயில் வைத்தது தொண்டைக்குள் இறங்கும் வரை முகம் மாறக்கூடாது என்பது. மாற்றவில்லை. ரூபி என் கண்ணையே பார்த்துக்கொண்டிருந்தாள். ஏலக்காய், முந்திரி, மண்ணெண்ணெய் மூன்றையும் முழுங்கினேன். சிரித்தேன். "ஆஹா, என்ன ருசி" என்றும் சொன்னேன் என்று நினைக்கிறேன். சினிமாவில் இருந்த காலம் முழுவதிலும் இதைவிட நன்றாக நான் நடித்ததில்லை. அப்போது கேமராவில் பிலிம் இல்லை.

ரூபி என் வாயருகே மூக்கைக் கொண்டுவந்தாள். முகர்ந்தாள்.

"அம்மா, உன் வாயில ஸ்டவ் வாசன வருது."

நான் பதில் சொல்வதற்குள் பலராமன் தலையில் அடித்துக்கொண்டு ஓடிவந்தார். "ஐயோ அம்மா, துப்புங்க, துப்புங்க! அதுல கிருஷ்ணாயில் கலந்து வச்சிருக்கேன்!"

கலந்து என்ற சொல்லை ரூபிக்குத் தெரியும். படத்தில் கேட்டிருக்கிறாள். என் இடுப்பிலிருந்து வழுக்கிக்கொண்டு இறங்கினாள். இறங்கி, சுற்றியிருந்தவர்களிடம் பொதுவாக, "கலந்து வச்சிக்கீறாங்களாம்" என்று அறிவித்தாள்.

நாற்காலியில் உட்கார்ந்து எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டிருந்த வைத்தியலிங்கம் சார், "லஞ்ச்" என்றார்.

ஷாட்டே எடுக்கவில்லையே என்று உதவி டைரக்டர் தாளைப் புரட்டிப் புரட்டிப் பார்த்தார். யூனிட் அதற்குள் சாப்பிடப் போய்விட்டது.

நான் ஒரு சொம்பு மோர் குடித்துவிட்டு, செட்டுக்கு வெளியே வேப்பமரத்தடியில் உட்கார்ந்தேன். ரூபி கொஞ்சம் தள்ளி உட்கார்ந்து ஆரஞ்சை உரித்தாள். எல்லாம் முடிந்தது, தெளியவேண்டிய பயம் ருஜுவாகிவிட்டது என்று நினைத்துக்கொண்டிருந்தபோது மாலு வந்தாள். கிராப்பு, டவுசர், நெற்றியில் விபூதி.

ரூபியின் கையிலிருந்து சுளை விழுந்தது. "செத்துப்போன அண்ணன்" என்றாள்.

"அண்ணன் இல்ல, அக்கா" என்றாள் மாலு. விக்கைத் தொப்பி மாதிரி கழற்றினாள். இரண்டு பின்னலும் வெளியே விழுந்தன.

"நீ சாவலியா?"

"செத்தேனே. இதுவரைக்கும் மூணு தடவ செத்திருக்கேன். ரெண்டு தடவ தண்ணில, ஒரு தடவ உங்க அம்மா கையால." மாலு யோசித்துப் பார்த்து நியாயமாகச் சொன்னாள்: "உங்க அம்மா கையாலதான் நல்லா இருந்துச்சு. தண்ணின்னா சளி புடிக்கும்."

பிறகு என் பக்கத்தில் வழக்கம்போல ஒட்டி உட்கார்ந்தாள். பட்டினி கிடக்கிற பையன் புஷ்டியாகத் தெரியக்கூடாதென்று மாலுவின் அம்மா அவளுக்கு ஷூட்டிங் நாட்களில் இரண்டு இட்லிக்கு மேல் தரமாட்டாள். அந்த அம்மா கண்ணயரும் நேரம் பார்த்து இவள் என் டிபன் கேரியரைத் தேடி வருவாள்.

"என்ன ஆன்ட்டி இன்னிக்கு?"

"எலுமிச்சஞ்சாதம், உருளைக்கிழங்கு."

"வண்டி விடுங்க."

எனக்கு ரூபியின் பக்கம் பார்க்கத் தைரியமில்லை. சோற்றைப் பிசைந்து, உருளைக்கிழங்கை நடுவில் வைத்து உருட்டினேன். கை வளைந்து போனது. "கூ... பீச் வண்டி வருது, கேட்டைத் தொற." மாலு வாயை அகலத் திறந்து வாங்கினாள். உதட்டோரத்தைத் துடைத்தேன். அவள் சாகவில்லை. மென்றாள், முழுங்கினாள், "இன்னொரு வண்டி" என்றாள். அடுத்த வண்டி போனது. அதற்கடுத்ததும் போனது. மாலுவுக்கு உயிர் இன்னும் இருந்தது. கேரியரில்தான் சாதம் குறைந்தது.

நாலாவது வண்டியோ ஐந்தாவதோ கிளம்பும்போது என் முழங்கையை ஒரு சின்னக் கை பிடித்து நிறுத்தியது. ரூபி எங்கள் இருவருக்கும் நடுவில் புகுந்து நின்றாள். கண்ணில் பயம் இல்லை. கோபம் தகித்தது.

"உன் வூடு எங்க கீது?" என்று மாலுவைக் கேட்டாள்.

"சைதாப்பேட்டை."

"இது தாம்பரம் வண்டி. தாம்பரத்துலதான் நிக்கும்."

சொல்லிவிட்டு, என் பக்கம் திரும்பி, வாயைத் திறந்தாள்.

வூடு, கீது எதையும் நான் திருத்தவில்லை. வண்டி கொஞ்சம் ஆடிக்கொண்டேதான் ஸ்டேஷனுக்குள் போனது. மென்று முழுங்கியபின் அவள் வலது உதட்டோரத்தைத் தானே என் முந்தானைப் பக்கம் நீட்டினாள். கேரியரில் மிச்சமிருந்ததை எல்லாம் அவளே முடித்தாள். தோல் இல்லாத சாதம்.

இதை வைத்தியலிங்கம் சார் தூரத்திலிருந்து பார்த்திருக்கிறார். சாப்பாடு முடிந்து செட்டுக்குப் போனதும் என்னைக் கூப்பிட்டார்.

"இந்தப் படத்துலயும் அந்த வண்டியை வச்சுக்கலாம்மா. ஜனங்க எதிர்பார்ப்பாங்க."

அவர் சொல்லி யாரும் மறுத்ததாக நான் கேள்விப்பட்டதில்லை. மறுத்த ஒருவர் இப்போது வேறு தொழிலில் இருப்பதாக மட்டும் கேள்விப்பட்டிருந்தேன். ரூபி என் புடவையைப் பிடித்துக்கொண்டு நின்றாள். இந்த வேடம் போனால் அடுத்தது வருமா, வராவிட்டால் பரவாயில்லையா, பரவாயில்லை என்று இப்போது தோன்றுவது நாளைக்கும் தோன்றுமா என்றெல்லாம் யோசிக்க எனக்கு இரண்டு நாள் வேண்டும். இரண்டு நாள் கிடைக்கவில்லை.

"அந்த வண்டி இனிமே சினிமாவுக்கு வராது சார்" என்றேன்.

அவர் கண்ணாடியைக் கழற்றினார். வேட்டி நுனியால் ஒரு கண்ணாடியைத் துடைத்தார், அடுத்ததையும் துடைத்தார். மாட்டிக்கொண்டு ரூபியைப் பார்த்தார்.

"சரிம்மா. அப்ப பஸ் விடு" என்றார்.

பஸ் விட்டேன். அதன்பின் வந்த படங்களில் மாட்டுவண்டி விட்டேன், படகு விட்டேன், ஒரு பணக்கார மாமியாராக ஆகாய விமானம்கூட விட்டேன். ரயில் விடவில்லை. ஆனால் உள்ளதைச் சொல்லவேண்டும். பஸ், ரயிலைப் போல இல்லை. அன்று மத்தியானம் "இன்னொண்ணு போலாம், இன்னொண்ணு போலாம்" என்று அவர் கேட்டுக்கொண்டே இருந்தார், நானும் ஹாரன் அடித்துக்கொண்டே இருந்தேன். கடைசியில் லைட்பாய்கள் களைத்துப்போனதால்தான் விட்டார். அந்தப் படத்தைப் பார்த்த கனகாக்கா என்னைத் திட்டவே இல்லை. "இன்னா டீச்சரம்மா, இந்த வாட்டி ஒண்ணும் பயமாவே இல்லியே" என்று சாதாரணமாகக் கேட்டுவிட்டு இரவல் சர்க்கரை வாங்கிக்கொண்டு போனார். என்னுடைய மிகச் சிறந்த காட்சி என்று ஜனங்கள் இன்றைக்கும் சொல்வது முதல் படத்தின் அந்த ஒரு கவளத்தைத்தான். அதற்கப்புறம் அவ்வளவு நன்றாக வரவில்லை. அது எனக்கு வருத்தமா என்று சில சமயம் கேட்டுக்கொள்கிறேன். இருக்கலாம்.

ஆகவே, முறுக்கு மட்டும் சாப்பிட்டுவிட்டுப் போன என் தங்கைக்கு: உன் பையனைத் தாராளமாகப் படத்துக்குக் கூட்டிக்கொண்டு போ. நீ பக்கத்தில் உட்கார்ந்துகொள். மாமியார் வேடத்துக்கு உன் குரலைக் கொடு, கண்ணைக் கொடு, டைரக்டர் கேட்பதை எல்லாம் கொடு. உன் வீட்டில் உன் பையனுக்கு நீ எந்த வண்டி விடுகிறாய் என்று எனக்குத் தெரியாது. அதை மட்டும் ஸ்டுடியோவுக்கு ஓட்டிக்கொண்டு போகாதே. லஞ்ச் கொஞ்சம் தாமதமாகும், அவ்வளவுதான்.